நீலகிரி அணைகளும் மின்வாரியமும்: மலை உச்சியில் இருந்து உங்கள் கரண்ட் பில் வரை காத்திருக்கும் ஆபத்துகள் என்னென்ன?

ஊட்டிக்குப் போகிறவர்கள் பைக்காரா அணையில் போட்டில் போவார்கள், அவலாஞ்சியில் போட்டோ எடுப்பார்கள், எமரால்டு பக்கம் நின்று டீ குடிப்பார்கள். ஆனால் அந்தத் தண்ணீர் சுற்றுலாவுக்காகத் தேக்கப்பட்டது இல்லை. அது கரண்ட் எடுப்பதற்கான தண்ணீர். தமிழ்நாட்டிலேயே மிகக் குறைந்த செலவில் கிடைக்கும் மின்சாரத்தில் பெரும்பகுதி இந்த மலையில் இருந்துதான் இறங்கி வருகிறது.

அந்த மின்சாரத்தை எடுத்து விற்கும் அரசு நிறுவனத்துக்கோ பல பக்கமும் நெருக்கடி. மழை குறைந்தாலும் நஷ்டம், கூடினாலும் நஷ்டம். பழைய இயந்திரம் ஒருபுறம், முடியாத புதுத் திட்டம் மறுபுறம். இதற்கிடையில் யானை வழித்தடம், ஊர் மக்களின் எதிர்ப்பு, தலைக்கு மேல் கடன்.

இது வெறும் கம்பெனி கணக்கு விவகாரம் இல்லை. இதில் ஏற்படும் ஒவ்வொரு இழப்பும் கடைசியில் மின் கட்டணமாகவோ, வரிப்பணமாகவோ மக்களிடமே வந்து சேர்கிறது. அந்த ஆபத்துகள் என்னென்ன, ஒவ்வொன்றும் எப்படி வேலை செய்கிறது? பார்ப்போம்.

நீலகிரியில் என்னதான் இருக்கிறது?

நீலகிரியில் நீர்மின்சாரத்தின் கதை நூறு வருஷத்துக்கும் மேலானது. குன்னூர் அருகே உள்ள காட்டேரி அருவியில் இருந்து அரவங்காடு வெடிமருந்து தொழிற்சாலைக்கு 20-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே மின்சாரம் எடுத்தார்கள். இந்தியாவின் ஆரம்பகால நீர்மின் நிலையங்களில் அதுவும் ஒன்று.

பெரிய அளவில் தொடங்கியது பைக்காராவில். 1929-ல் வேலை ஆரம்பித்து, 1932-ல் மின்உற்பத்தி தொடங்கியது. கிளன்மார்கனில் இருந்து சிங்காராவுக்கு 900 மீட்டருக்கும் அதிகமான உயரத்தில் இருந்து குழாய் வழியாகத் தண்ணீர் இறங்குகிறது. 1930-களில் கோவையில் பஞ்சாலைகள் பெருகியதற்கு பைக்காரா கரண்ட் ஒரு முக்கியக் காரணம்.

பிறகு 1952-ல் மாயார் மின்நிலையம் வந்தது. கொழும்புத் திட்டத்தின் கீழ் கனடா நாட்டு உதவியோடு குந்தா நீர்மின் திட்டம் கட்டப்பட்டது. 2005-ல் சிங்காராவில் மலைக்குள் குடைந்து 150 மெகாவாட் பைக்காரா இறுதிநிலை மின்நிலையம் இயங்கத் தொடங்கியது.

இன்று பைக்காரா, குந்தா தொகுப்புகளில் சிறியதும் பெரியதுமாக 12 மின்நிலையங்கள் உள்ளன. மொத்தத் திறன் 800 மெகாவாட்டுக்கு மேல். இதில் குந்தா தொகுப்பின் பங்கு மட்டும் 585 மெகாவாட்.

உயரம்தான் இங்கே முதலீடு. ஒரு எளிய கணக்கு: 1,000 லிட்டர் தண்ணீர் 900 மீட்டர் உயரத்தில் இருந்து விழுந்தால், இயந்திரத்தில் வீணாவது போக ஏறத்தாழ 2 யூனிட் மின்சாரம் கிடைக்கும். குந்தாவில் இன்னொரு வசதியும் உண்டு. ஒரு மின்நிலையத்தைச் சுற்றிவிட்டு வரும் தண்ணீரையே கீழே கெத்தை, பரளி, பில்லூர் என்று அடுத்தடுத்த நிலையங்களில் மறுபடியும் பயன்படுத்தலாம். அதாவது, மேலே ஒரு அணையில் தண்ணீர் குறைந்தால் கீழே உள்ள எல்லா நிலையங்களும் சேர்ந்து அடிவாங்கும்.

இதை நடத்துவது யார்?

மக்கள் வாயில் இன்றும் 'ஈபி'தான், 'மின்வாரியம்'தான். ஆனால் காகிதத்தில் பெயர் பலமுறை மாறிவிட்டது. 1957-ல் தமிழ்நாடு மின்சார வாரியம் உருவானது. 2010 நவம்பரில் அது பிரிக்கப்பட்டு, உற்பத்திக்கும் பகிர்மானத்துக்கும் டான்ஜெட்கோ, உயர் அழுத்தக் கம்பிகளுக்கு டான்டிரான்ஸ்கோ என்று ஆனது.

2024-ல் டான்ஜெட்கோவும் மூன்றாகப் பிரிந்தது. அனல் மின்சாரத்துக்கு மின்உற்பத்திக் கழகம், வீட்டுக்கு வீடு கரண்ட் கொடுக்க மின்பகிர்மானக் கழகம், நீர், காற்று, சூரிய மின்சாரத்துக்குப் பசுமை எரிசக்திக் கழகம். மூன்றுமே அரசுக்குச் சொந்தமானவை.

பிரித்ததில் ஒரு நன்மை, எந்த வேலையில் எவ்வளவு நஷ்டம் என்பது தனித்தனியாகத் தெரியும். ஒரு சிக்கலும் உண்டு. பசுமைக் கழகத்தின் மின்சாரத்தை வாங்குவதும் மின்பகிர்மானக் கழகம்தான். வாங்குபவர் கையில் பணம் இல்லையென்றால், விற்பவரின் வரவும் நிற்கும். ஒரே வீட்டுக்குள் அண்ணன் தம்பி கணக்கு மாதிரிதான் இது.

ஆபத்து 1: மழை வராவிட்டால்?

நீர்மின்சாரத்துக்கு எரிபொருள் செலவு கிடையாது. அணை, குழாய், இயந்திரம் எல்லாம் ஏற்கெனவே கட்டியாகிவிட்டது. அதனால் கூடுதலாக எடுக்கும் ஒவ்வொரு யூனிட்டும் ஏறக்குறைய இலவசம். மழை குறையும் வருஷத்தில் அந்த இலவச யூனிட்டுக்குப் பதிலாக வெளியில் காசு கொடுத்து வாங்க வேண்டும்.

எவ்வளவு காசு? மின்சாரச் சந்தையில் விலை நேரத்துக்கு நேரம் மாறும். 2023 ஏப்ரலில் மத்திய மின்சார ஒழுங்குமுறை ஆணையம் அதற்கு யூனிட்டுக்கு 10 ரூபாய் என்று உச்சவரம்பு வைத்தது. நீர்மின்சாரம் ஒரு வருஷத்தில் 10 கோடி யூனிட் குறைந்து, அதை அந்த உச்ச விலைக்கு வாங்க நேர்ந்தால் செலவு 100 கோடி ரூபாய். பாதி விலைக்குக் கிடைத்தாலும் 50 கோடி.

இது கற்பனை பயம் இல்லை. 2016-ல் தமிழ்நாட்டில் வடகிழக்குப் பருவமழை 62 சதவீதம் குறைந்தது. 2017 ஜனவரியில் மாநிலம் முழுவதும் வறட்சி அறிவிக்கப்பட்டது. அப்படிப்பட்ட வருஷத்தில் குடிநீருக்கே தண்ணீர் போதாது, கரண்டுக்கு எங்கிருந்து வரும்?

இன்னொரு கட்டுப்பாடும் உண்டு. தண்ணீரை எப்போது திறப்பது என்பது முழுக்க மின்வாரியத்தின் விருப்பம் இல்லை. குந்தா தண்ணீர் பில்லூர் வழியாகப் பவானியில் சேர்கிறது. பைக்காரா தண்ணீர் மாயாறு வழியாகப் போகிறது. இரண்டும் கடைசியில் பவானிசாகர் அணைக்குத்தான். கோவைக்குப் பில்லூர் குடிநீர் வேண்டும். கீழ்பவானியில் 2 லட்சம் ஏக்கருக்கு மேல் பாசனம் இருக்கிறது. மாலை நேரத்தில் விலை அதிகம் என்பதற்காக மின்வாரியம் தண்ணீரைப் பதுக்கி வைக்கவும் முடியாது, கண்டபடி திறந்துவிடவும் முடியாது.

ஆபத்து 2: மழை ஒரே நாளில் கொட்டினால்?

மழை அதிகம் பெய்தால் லாபம்தானே என்று தோன்றும். அது எப்படிப் பெய்கிறது என்பதில்தான் விஷயம் இருக்கிறது. மூன்று மாதம் பரவலாகப் பெய்தால் லாபம். மூன்று நாளில் மொத்தமாகக் கொட்டினால் சேதம்.

2019 ஆகஸ்ட் 8-ஆம் தேதி காலையுடன் முடிந்த 24 மணி நேரத்தில் அவலாஞ்சியில் 82 சென்டிமீட்டர் மழை பதிவானது. சென்னையில் பல மாதங்கள் பெய்யும் மழை அங்கே ஒரே நாளில் பெய்தது. மண்சரிவுகளில் சாலைகள் துண்டிக்கப்பட்டன. அணை நிரம்பி உபரி நீர் வெளியேறினால் அது இயந்திரத்தைச் சுற்றாமலேயே ஆற்றோடு போய்விடும். அதாவது, காசு கண் முன்னால் ஓடிப்போகும்.

2009 நவம்பரில் நீலகிரியில் நூற்றுக்கணக்கான இடங்களில் மண்சரிவு ஏற்பட்டு 40-க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். 2024 ஜூலை 30-ஆம் தேதி பக்கத்து மாவட்டமான வயநாட்டில் முண்டக்கை, சூரல்மலை ஊர்களையே நிலச்சரிவு துடைத்துப்போட்டது. அதுவும் தேயிலைத் தோட்டங்கள் நிறைந்த மலைச்சரிவுதான்.

மலைச்சரிவில் இறங்கும் ராட்சதக் குழாய், சுரங்க வாய், மின்கோபுரம், ஊழியர் குடியிருப்பு, அங்கே போகும் ஒற்றைச் சாலை எல்லாமே இந்த ஆபத்துக்குள்தான் இருக்கின்றன. சாலை அறுந்தால் இயந்திரம் நன்றாக இருந்தாலும் உதிரிபாகம் மேலே போகாது, வேலைக்கு மாற்று ஆளும் போக முடியாது.

ஆபத்து 3: அணைக்குள் சேரும் மண்

இது சத்தமில்லாமல் நடக்கும் நஷ்டம். மலைச்சரிவில் கேரட், உருளைக்கிழங்கு போடும்போது மண் கிளறப்படுகிறது. கட்டடம், சாலைக்காகவும் மலை வெட்டப்படுகிறது. மழையில் அந்த மண் கரைந்து ஓடை வழியாக அணைக்குள் வந்து படிகிறது. குந்தா தொகுப்பில் வண்டல் ஒரு பழைய தலைவலி.

வண்டலால் இரண்டு வகையில் அடி. முதலாவது, அணையில் தண்ணீர் நிற்கும் இடம் குறைகிறது. சின்ன அணைகளில் இது சீக்கிரமே தெரியும். சற்று மழை பெய்தாலே நிரம்பிவிடும், உபரியைத் திறந்தே ஆக வேண்டும். இரண்டாவது, மணல் கலந்த தண்ணீர் அதிவேகத்தில் மோதும்போது டர்பைன் சக்கரத்தின் கிண்ணங்கள் தேயும்.

தூர்வாரினால் சரியாகிவிடாதா? சமவெளி ஏரி மாதிரி இல்லை இது. அள்ளிய மண்ணை எங்கே கொட்டுவது? சுற்றிலும் வனப்பகுதி, செங்குத்துச் சரிவு. லாரி போக வழி வேண்டும், வனத்துறை அனுமதி வேண்டும். கொட்டிய மண் அடுத்த மழையில் மறுபடியும் அணைக்கே வரக்கூடாது. அதனால் மண்ணை அள்ளும் செலவைவிட, மேலே இருந்து மண் வராமல் தடுப்பதுதான் மலிவு. ஆனால் மேலே உள்ள நிலம் மின்வாரியத்துடையது இல்லை, விவசாயிகளுடையது. அவர்களிடம் மண்ணைப் பிடித்து வைக்கச் சொல்ல வேண்டுமானால் அதற்குத் தோட்டக்கலைத் துறை, வேளாண் பொறியியல் துறை எல்லாம் சேர வேண்டும்.

ஆபத்து 4: வயதான இயந்திரமும் பாதுகாப்பும்

பைக்காரா மின்நிலையத்துக்கு 90 வயது தாண்டிவிட்டது. குந்தாவின் முதல் நிலையங்களுக்கு 60 வயது தாண்டிவிட்டது. நல்ல பராமரிப்பு இருந்தால் நீர்மின் இயந்திரம் நீண்டகாலம் உழைக்கும். ஆனால் பழைய மாடலுக்கு உதிரிபாகம் கடையில் கிடைக்காது, தனியாகச் செய்யச் சொல்ல வேண்டும். ஒரு இயந்திரம் மழைக்காலத்தில் மூன்று மாதம் நின்றால், அந்த வருஷத்துக்கான வாய்ப்பே போய்விடும்.

மலைக்குள் குடைந்த மின்நிலையங்களுக்குத் தனி ஆபத்து உண்டு. 2020 ஆகஸ்ட் 20-ஆம் தேதி இரவு தெலங்கானாவின் ஸ்ரீசைலம் இடதுகரை நிலத்தடி மின்நிலையத்தில் தீப்பிடித்து 9 பேர் இறந்தார்கள். புகை வெளியேற வழியில்லாத இடத்தில் சின்னத் தீயும் பெரிய விபத்தாகிவிடும். 2023 அக்டோபரில் சிக்கிமில் பனி ஏரி உடைந்து வந்த வெள்ளத்தில் 1,200 மெகாவாட் டீஸ்டா-3 திட்டத்தின் அணையே அடித்துச் செல்லப்பட்டது. நீலகிரியில் பனி ஏரி இல்லை. ஆனால் ஒரே நாளில் வரும் வெள்ளத்தைத் தாங்குமா என்ற கேள்வி எல்லா மலை அணைக்கும் பொதுவானது.

அதனால்தான் 2021-ல் அணைப் பாதுகாப்புச் சட்டம் வந்தது. 15 மீட்டருக்கு மேல் உயரமுள்ள அணைகளை வைத்திருப்பவர்கள் அவசரகாலச் செயல்திட்டம் தயாரிக்க வேண்டும், நிபுணர் குழுவை வைத்து முழுமையான பாதுகாப்பு ஆய்வு செய்ய வேண்டும். சட்டம் நடைமுறைக்கு வந்ததில் இருந்து ஐந்து ஆண்டு அவகாசம். இது கட்டாயச் செலவு. ஆனால் இந்தச் செலவால் ஒரு யூனிட் கூடக் கூடுதலாக வராது. பணத்தட்டுப்பாட்டில் இருக்கும் எந்த நிறுவனமும் தள்ளிப்போடத் துடிக்கும் செலவு இதுதான். தள்ளிப்போடக் கூடாத செலவும் இதுதான்.

ஆபத்து 5: 'தண்ணீர் பேட்டரி' எப்போது முடியும்?

இப்போது தமிழ்நாட்டின் பிரச்சினையே மாறிவிட்டது. பகலில் சோலார் கரண்ட் நிறைய வருகிறது. சூரியன் இறங்கியதும் அது நின்றுவிடுகிறது. அதே நேரத்தில் வீடுகளில் லைட், டிவி, ஏசி எல்லாம் ஓடும். 2024 மே 2-ஆம் தேதி மாநிலத்தின் மின்தேவை 20,830 மெகாவாட்டைத் தொட்டது.

இதற்கு ஒரு வழி நீரேற்று மின்நிலையம். பகலில் மலிவாகக் கிடைக்கும் கரண்ட்டை வைத்துக் கீழ் அணைத் தண்ணீரை மேல் அணைக்கு ஏற்ற வேண்டும். மாலையில் அதைத் திரும்ப இறக்கி மின்சாரம் எடுக்க வேண்டும். ஒரு வகையில் இது தண்ணீரால் ஆன பேட்டரி. கோவை மாவட்டம் காடம்பாறையில் 400 மெகாவாட் நிலையம் 1980-களின் இறுதியில் இருந்தே இப்படி இயங்குகிறது.

நீலகிரியில் கட்டப்படுவது 500 மெகாவாட் குந்தா நீரேற்றுத் திட்டம். தலா 125 மெகாவாட்டில் நான்கு இயந்திரங்கள். மேலே போர்த்திமந்து அணை, கீழே அவலாஞ்சி-எமரால்டு அணைகள். மூன்றும் ஏற்கெனவே இருப்பதால் புதிய அணை தேவையில்லை. கேட்க எளிதாக இருக்கிறது. ஆனால் 2007-லேயே சுற்றுச்சூழல் அனுமதி பெற்ற திட்டம் இது. கட்டுமானம் வேகம் பிடிக்கவே பத்து வருஷம் ஆனது, அதன் பிறகும் கெடு தள்ளிப்போனது.

தாமதம் என்றால் வெறும் காத்திருப்பு இல்லை, வட்டி. 9 சதவீத வட்டிக்கு 1,000 கோடி ரூபாய் கடன் வாங்கியிருந்தால், வருஷத்துக்கு 90 கோடி. அதாவது ஒரு நாளைக்கு ஏறத்தாழ 25 லட்சம். மலைக்குள் சுரங்கம் தோண்டும்போது பாறை எதிர்பார்த்தபடி இல்லாவிட்டாலோ, தண்ணீர் ஊற்றெடுத்தாலோ வேலை நிற்கும். வட்டி மட்டும் நிற்காது.

முடிந்த பிறகாவது லாபம் உறுதியா? ஒரு உதாரணக் கணக்கு பார்க்கலாம். 500 மெகாவாட் நிலையம் தினமும் 6 மணி நேரம் ஓடினால் 30 லட்சம் யூனிட் கிடைக்கும். ஏற்றி இறக்குவதில் 20 சதவீதம் வீணாகும் என்று வைத்தால், அதற்குப் பகலில் 37.5 லட்சம் யூனிட் செலவழிக்க வேண்டும். பகல் விலை 3 ரூபாய் என்றால் செலவு 1.12 கோடி. மாலை விலை 10 ரூபாய் என்றால் வரவு 3 கோடி. நல்ல வியாபாரம்.

ஆனால் மாலை விலை 5 ரூபாயாக இறங்கினால்? வரவு 1.5 கோடிதான். மிச்சம் 38 லட்சம் ரூபாய் கூட இல்லை. அதில்தான் வட்டி, சம்பளம், பராமரிப்பு எல்லாம். மாலை விலை ஏன் இறங்கும் என்றால், லித்தியம் பேட்டரி விலை வேகமாகக் குறைந்துகொண்டே வருகிறது. பேட்டரியை ஒன்றிரண்டு வருஷத்தில் நிறுவிவிடலாம். மலையில் சுரங்கம் தோண்டப் பத்து வருஷம் ஆகலாம். நீரேற்று நிலையத்தின் பலம் அதன் ஆயுள்: ஒருமுறை கட்டினால் பல பத்தாண்டுகள் உழைக்கும். பேட்டரியை இடையில் மாற்ற வேண்டியிருக்கும். ஆனால் அந்த ஆயுள் பலன் கிடைக்க வேண்டுமானால் திட்டம் நேரத்துக்கு முடிய வேண்டும்.

ஆபத்து 6: யானை வழியும் காட்டு அனுமதியும்

நீலகிரி சாதாரண மலை இல்லை. 1986-ல் நாட்டின் முதல் உயிர்க்கோளக் காப்பகமாக அறிவிக்கப்பட்ட பகுதி. முதுமலை புலிகள் காப்பகம், முக்குருத்தி தேசியப் பூங்கா, சீகூர் யானை வழித்தடம் எல்லாம் மின்நிலையங்களுக்கும் அணைகளுக்கும் அக்கம்பக்கத்தில்தான். சீகூர் வழித்தட அறிவிப்பு செல்லும் என்று உச்ச நீதிமன்றம் 2020 அக்டோபரில் தீர்ப்பளித்தது.

இங்கே புதிதாக எதையும் தோண்டுவது எவ்வளவு கடினம் என்பதற்கு ஒரு உதாரணம் நியூட்ரினோ ஆய்வகம். சிங்காராவில் மின்நிலையச் சுரங்கம் ஏற்கெனவே இருக்கிறது என்பதால்தான் விஞ்ஞானிகள் முதலில் அந்த இடத்தைத் தேர்ந்தெடுத்தார்கள். யானை, புலி நடமாடும் பகுதி என்று சொல்லி 2009-ல் மத்திய சுற்றுச்சூழல் அமைச்சகம் அனுமதி மறுத்தது. திட்டம் தேனி மாவட்டம் பொட்டிப்புரத்துக்கு மாறியது. அதே விதி நாளை ஒரு மின்திட்டத்துக்கும் வரலாம்.

தாழ்வாகத் தொங்கும் கம்பியில் யானை சிக்கி இறந்தால் வழக்கு, இழப்பீடு, கம்பியை உயர்த்தும் செலவு என்று வரிசையாக வரும். அதைவிடப் பெரிய இழப்பு அந்த உயிர்தான். கம்பியை உயரமாகக் கட்டுவதோ, பூமிக்கு அடியில் கேபிளாகப் போடுவதோ செலவு அதிகம். ஆனால் காட்டுக்குள் தொழில் செய்பவர் அதை விருப்பச் செலவாகப் பார்க்க முடியாது.

ஆபத்து 7: 'எங்க ஊரு மூழ்குமா?'

குந்தா பகுதியில் சில்லஹல்லா என்ற ஓடையில் 1,000 மெகாவாட் நீரேற்றுத் திட்டம் ஒன்றும் முன்வைக்கப்பட்டது. குந்தா திட்டம் மாதிரி இல்லாமல் இதற்குப் புது அணைகள் வேண்டும். விவசாய நிலமும் தேயிலைத் தோட்டமும் போய்விடும், சுரங்கம் தோண்டினால் நிலச்சரிவு அதிகமாகும் என்று சுற்றியுள்ள கிராம மக்கள் கடுமையாக எதிர்த்தார்கள்.

இவர்களின் பயத்தை 'வளர்ச்சிக்கு எதிர்ப்பு' என்று ஒதுக்கிவிட முடியாது. 2009-லும் 2019-லும் மலை சரிந்ததைப் பார்த்தவர்கள் அவர்கள். கரண்ட் சென்னைக்கும் கோவைக்கும் போகும், ஆபத்து மட்டும் எங்களுக்கா என்று கேட்கிறார்கள். கம்பெனி பார்வையில் பார்த்தாலும் இது நிஜமான ஆபத்து. ஊர் ஏற்காத திட்டம் நீதிமன்றத்தில் நிற்கும், நின்ற திட்டத்துக்கு வட்டி ஏறும், கடைசியில் கைவிட்டால் ஆய்வுக்குச் செலவழித்த பணமும் போகும்.

பக்கத்து மாநிலத்தோடும் பேச வேண்டியிருக்கும். கூடலூர் பக்கம் பாண்டியாறு-புன்னம்புழா திட்டம் 1960-களில் இருந்து பேசப்படுகிறது. கேரளாவோடு உடன்பாடு எட்டாததால் காகிதத்திலேயே நிற்கிறது.

ஆபத்து 8: தலைக்கு மேல் கடன்

மேலே சொன்ன ஏழு ஆபத்தையும் ஒரு பணக்கார நிறுவனம் சமாளித்துவிடும். இங்கே நிலைமை அப்படி இல்லை. டான்ஜெட்கோவின் ஒட்டுமொத்த நஷ்டம் 2023 மார்ச் முடிவிலேயே ஒன்றரை லட்சம் கோடி ரூபாயைத் தாண்டிவிட்டது.

2017 ஜனவரியில் தமிழ்நாடு மத்திய அரசின் உதய் திட்டத்தில் சேர்ந்தது. அப்போது மின்வாரியத்தின் கடனில் 22,815 கோடி ரூபாயை மாநில அரசே ஏற்றது. அப்படியும் கடன் குறையவில்லை. வாங்கும் விலைக்கும் விற்கும் விலைக்கும் இடையில் உள்ள பள்ளம்தான் காரணம். 2016-ல் இருந்து வீடுகளுக்கு இரண்டு மாதத்துக்கு 100 யூனிட் இலவசம். விவசாயத்துக்கும் இலவசம். இதற்கான பணத்தை மானியமாக அரசு கொடுக்கிறது. அது போக மிஞ்சும் நஷ்டத்துக்கும் அரசு பட்ஜெட்டில் இருந்து கை கொடுக்க வேண்டியிருக்கிறது.

2022 செப்டம்பரில் கட்டணம் பெரிய அளவில் உயர்ந்தது. அதன் பிறகு விலைவாசிக் குறியீட்டை ஒட்டி ஆண்டுதோறும் உயர்வு என்று விதி வந்தது. 2024 ஜூலையில் 4.83 சதவீதம், 2025 ஜூலையில் 3.16 சதவீதம். 2025-ல் வீடுகளுக்கான உயர்வை அரசே ஏற்றுக்கொண்டது. தேர்தல் வந்தால் உயர்வு நிற்கும், தேர்தல் முடிந்தால் தொடரும் என்பது மின்வாரியத்தின் வரவைக் கணிக்க முடியாததாக ஆக்குகிறது. கடன் கொடுக்கும் நிறுவனங்கள் இந்த நிச்சயமின்மைக்கும் சேர்த்துத்தான் வட்டி போடும்.

டீ ஃபேக்டரிகளுக்கு இதில் என்ன?

நீலகிரியில் மின்சாரத்தை நம்பியிருக்கும் முக்கியத் தொழில் தேயிலை. பறித்த பச்சைத் தேயிலையை அன்றைக்கே காற்றில் வாட்ட வேண்டும், இயந்திரத்தில் நசுக்க வேண்டும், பிறகு காய வைக்க வேண்டும். சூட்டுக்குப் பெரும்பாலும் விறகு. விசிறிக்கும் இயந்திரத்துக்கும் கரண்ட். நடுவில் கரண்ட் போனால் டீசல் ஜெனரேட்டர் ஓட்ட வேண்டும், இல்லையென்றால் இலை கெட்டுவிடும்.

மழைக்காலத்தில்தான் மரம் விழுந்து கம்பி அறுகிறது. மலைப்பகுதியில் மரம் வெட்டுவதற்கு 1955-ஆம் ஆண்டுச் சட்டப்படி அனுமதி வேண்டும். ஊர்கள் சிதறிக் கிடக்கின்றன. நீளமான கம்பி, குறைவான வீடுகள். பழுது பார்க்கும் செலவு அதிகம், வரவு குறைவு.

இன்னொரு பக்கம், கட்டணம் ஏற ஏற ஃபேக்டரிகள் சொந்தமாக சோலார் போடவும் மின்சிக்கனம் செய்யவும் பார்க்கின்றன. தென்னிந்தியச் சிறு தேயிலை ஃபேக்டரிகளில் ஆற்றல் சேமிப்புக்காக ஐ.நா. வளர்ச்சித் திட்டத்தின் துணையோடு 2008-ல் இருந்து சில வருஷங்கள் ஒரு திட்டமே நடந்தது. 'எஸ்கோ' எனப்படும் ஆற்றல் சேவை நிறுவனங்களும் உண்டு. அவர்களே மோட்டார், அடுப்பு மாற்றித் தருவார்கள், மிச்சமாகும் பணத்தில் இருந்து தவணையாக எடுத்துக்கொள்வார்கள். மத்திய அரசு இதற்காக 2009-ல் இ.இ.எஸ்.எல். நிறுவனத்தைத் தொடங்கியது.

இவர்களுக்கும் ஆபத்து இல்லாமல் இல்லை. தவணை முடியும் முன் ஃபேக்டரி மூடினால் முதலீடு போச்சு. பச்சைத் தேயிலைக்கு நியாயமான விலை கேட்டு 2023-ல் சிறு விவசாயிகள் போராடியது நினைவிருக்கலாம். தேயிலை விலை சரிந்தால், கரண்ட் விற்பவர், சேமிப்பு விற்பவர் இருவருக்குமே வசூல் சரியும்.

சரி, என்னதான் வழி?

எல்லா ஆபத்தையும் நீக்க முடியாது. ஆனால் குறைக்க முடியும்.

மழையைக் கட்டுப்படுத்த முடியாது, கணிப்பை மேம்படுத்தலாம். கனமழை வருமுன் அணையில் இடம் ஏற்படுத்தினால் உபரியாகப் போகும் தண்ணீரும் கரண்ட் ஆகும்.

புதிய அணையைவிட, இருக்கும் அணைகளை வைத்துச் செய்யும் திட்டத்துக்கு எதிர்ப்பும் செலவும் குறைவு. பழைய இயந்திரத்தைப் புதுப்பித்தால் அதே தண்ணீரில் கூடுதல் யூனிட் எடுக்கலாம். அதற்குப் புது நிலமும் காடும் தேவைப்படாது.

அணைப் பாதுகாப்புக்கும் கம்பிப் பராமரிப்புக்கும் ஒதுக்கும் பணத்தை வேறு எதற்கும் திருப்பக் கூடாது. மண்ணரிப்பைத் தடுக்கும் விவசாயிக்கு ஊக்கத்தொகை கொடுப்பது, பின்னால் தூர்வாரும் செலவோடு ஒப்பிட்டால் சின்னத் தொகைதான்.

ஊர் மக்களிடம் திட்டத்தின் விவரத்தைத் தமிழில், முன்கூட்டியே, முழுதாகச் சொல்ல வேண்டும். எந்த நிலம், எத்தனை வீடு, நிலச்சரிவு ஆய்வில் என்ன வந்தது என்பதை மறைத்தால் சந்தேகம்தான் வளரும்.

பொதுமக்கள் கவனிக்க வேண்டியது என்ன?

குந்தா நீரேற்றுத் திட்டத்தின் முதல் இயந்திரம் எப்போது ஓடத் தொடங்குகிறது, அதன் மொத்தச் செலவு எவ்வளவில் முடிகிறது என்பதைப் பாருங்கள். அந்தச் செலவுதான் பின்னால் யூனிட் விலையாக வரும்.

ஒவ்வொரு ஜூலையிலும் கட்டண உயர்வு எத்தனை சதவீதம், அதில் எவ்வளவை அரசு ஏற்கிறது என்று பாருங்கள். அரசு ஏற்றாலும் அது இலவசம் இல்லை, வரிப்பணம்.

தென்மேற்குப் பருவமழை நேரத்தில் அவலாஞ்சியில் எத்தனை சென்டிமீட்டர் மழை என்ற செய்தி வரும்போது, அது ஊட்டிக்கு டூர் போகிறவர்களுக்கான எச்சரிக்கை மட்டும் என்று நினைக்க வேண்டாம். அந்தத் தண்ணீர் எவ்வளவு அணையில் நின்றது, எவ்வளவு ஓடிப்போனது என்பதைப் பொறுத்துத்தான் அந்த வருஷம் வெளியில் வாங்கும் கரண்ட்டின் அளவு முடிவாகும்.